முத்துக்குளித்துறையிலிருந்து ஓரியூர் வரை

திங்கள், தூத்துக்குடி

கத்தோலிக்கப் போதனை என்றதும் ரோமாபுரி, திருத்தந்தையான போப்பாண்டவர், அவர் திருச்சபைக்கு எழுதும் சுற்றுமடல் என்றுதான் பலருக்கும் நினைவு ஓடும். எனக்கு நம் தென்கரைதான் முதலில் நினைவுக்கு வரும். இந்தப் போதனை இங்கே எந்தத் துறையில் இறங்கியது, யார் வாயில் ஏறியது, எங்கே சாதியிடம் விட்டுக்கொடுத்தது, எங்கே விட்டுக்கொடுக்க மாட்டேன் என்று நின்றது? அந்தந்த ஊருக்கே போய்ப் பார்த்துவிடலாம் என்று கிளம்பிவிட்டேன். ஒவ்வொரு நாள் இரவும் அன்றைக்குப் பார்த்ததை எழுதுகிறேன்.

தொடக்கம் பனிமய மாதா பேராலயம். 1713இல் எழுந்த கோயில். 1982இல் பசிலிக்கா என்ற சிறப்பு நிலை பெற்றது. ஆகஸ்டு 5 திருவிழாவுக்கு இன்னும் நாள் இருப்பதால் கூட்டம் இல்லை. வியாபாரத்துக்குப் போகிற வழியில் கூடையை வாசலில் இறக்கி வைத்துவிட்டு ஐந்து நிமிடம் முழங்காலில் நின்று போகிற பெண்கள் சிலர். 1806இல் பரதவர் சாதித்தலைவர் செய்துவைத்த தங்கத்தேர் குறிப்பிட்ட சில ஆண்டுகளில்தான் ஓடும். அது ஓடிய ஆண்டைச் சொல்லித்தான் இந்த ஊரில் வயதானவர்கள் பிள்ளைகளின் பிறப்பைக் கணக்கிடுகிறார்கள்.

முத்துக்குளித்துறை என்று பெயர் பெற்ற இந்தக் கரை மதம் மாறிய கதையை நேராகச் சொல்ல வேண்டும். 1530களில் முத்துக்குளிப்பு உரிமைக்காகப் பரதவருக்கும் முஸ்லிம் வணிகருக்கும் கடும் மோதல். 1535இல் பரதவர் குழு ஒன்று கொச்சிக்குப் போய்ப் போர்த்துக்கீசியரின் பாதுகாப்பைக் கேட்டது. குதிரை வணிகர் ஜான் த குரூஸ் நடுவில் நின்று பேசிக்கொடுத்தார். பாதுகாப்புக்கு ஈடாக ஞானஸ்நானம். அடுத்த இரண்டு ஆண்டுக்குள் ஏறத்தாழ 20,000 பேர் தலையில் தண்ணீர் விழுந்தது. போதனை என்று ஒன்றும் அப்போது நடக்கவில்லை. மொழி தெரிந்த சாமியார் இல்லை, சொல்லிக்கொடுக்க ஆள் இல்லை. பிரான்சிஸ் சவேரியார் 1542 அக்டோபரில் வந்து சேரும்வரை இந்த மக்கள் பெயரளவில்தான் கிறிஸ்தவர்கள்.

இதைச் சொன்னால் வருத்தப்படுகிறவர்கள் எங்கள் கத்தோலிக்கர்களிலேயே உண்டு. ஏதோ விசுவாசத்தைக் குறைத்துச் சொல்வதாக எடுத்துக்கொள்வார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. உயிருக்கும் பிழைப்புக்கும் பயந்து ஒரு மதத்துக்குள் வந்த மக்கள், அந்தப் பாதுகாப்பைக் கொடுத்த போர்த்துக்கீசியர் போய், அவர்களுக்கு வேறு மதப் பிரிவைச் சேர்ந்த டச்சுக்காரர் வந்து ஒரு நூற்றாண்டுக்கு மேல் ஆண்டபோதும் மாதாவை விடவில்லை. ஆதாயத்துக்கு வந்தவர்கள் என்றால் அப்போதே மாறியிருக்கலாமே. 1535இல் கையில் இல்லாத ஏதோ ஒன்று இடையில் அவர்களுக்குள் இறங்கியிருக்கிறது. அது இறங்கிய விதத்தைத் தேடித்தான் நாளைக்குக் கரையோரமாகத் தெற்கே போகிறேன்.

செவ்வாய், புன்னைக்காயல், மணப்பாடு

புன்னைக்காயல் தாமிரபரணி கடலில் கலக்கிற இடம். இன்றைக்கு வள்ளங்களும் வலைகளுமாக இருக்கிற இந்த ஊரில் 1586இல் ஓர் அச்சகம் இருந்தது. அதில் அச்சான புத்தகம், அறுநூறு பக்கத்துக்கு மேல் வரும் புனிதர் வரலாறு. எழுதியவர் அண்டிரிக்கி அடிகளார் என்று நாம் அழைக்கிற ஹென்ரிக் ஹென்ரிக்கஸ். அதற்கு முன்பே 1578இல் அவருடைய 'தம்பிரான் வணக்கம்' கொல்லத்தில் அச்சாகிவிட்டது. இந்திய எழுத்தில் இந்திய மண்ணில் அச்சான முதல் புத்தகம், ஞானோபதேசம் என்கிற பதினாறு பக்க மறைக்கல்விப் பாடநூல்! அச்சுச் செலவுக்குப் பணம் போட்டவர்கள் இந்தக் கரைப் பரதவர்கள்.

இன்னும் பின்னால் போனால், 1554இல் லிஸ்பனில் ரோமன் எழுத்தில் ஒரு தமிழ் ஞானோபதேசம் அச்சாகியிருக்கிறது. மொழிபெயர்த்தவர்கள் அந்த நகரத்தில் வாழ்ந்த தமிழர் மூவர். ஆயர்கள், அதாவது பிஷப்புகள், ஒன்றுகூடிய திரெந்து பொதுச்சங்கத்துக்குப் பிறகு ரோமையே தன் அதிகாரபூர்வ ஞானோபதேசத்தை வெளியிட்டது 1566இல்தான். அதற்குப் பன்னிரண்டு ஆண்டு முன்பே தமிழில் ஒன்று இருந்திருக்கிறது. ஐரோப்பாவில் எல்லாம் முடிந்து, தயாராக்கி, அதன்பின் நமக்கு அனுப்பிவைத்தார்கள் என்று நினைக்கிறவர்கள் இந்த இரண்டு ஆண்டுகளையும் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம்.

மதியத்துக்கு மேல் மணப்பாடு. கடலுக்குள் நீட்டிக்கொண்டிருக்கும் மணல் குன்று, உச்சியில் 1581இல் கட்டிய திருச்சிலுவைக் கோயில், சரிவில் சவேரியார் தங்கியதாகச் சொல்லும் குகை. குகைக்குள் குனிந்து இறங்கிக் கொஞ்ச நேரம் உட்கார்ந்தேன். வெளியே அலை அடித்துக்கொண்டே இருக்கிறது.

சவேரியார் தம் முறையைத் தாமே எழுதி வைத்திருக்கிறார், 1544 ஜனவரிக் கடிதத்தில். இரண்டு மொழியும் தெரிந்தவர்களைக் கூட்டிவைத்து, பல நாள் பாடுபட்டு, சிலுவை அடையாளம், விசுவாசப் பிரமாணம், பத்துக் கட்டளை, பரலோக மந்திரம், அருள்நிறை மந்திரம் எல்லாவற்றையும் தமிழாக்கி மனப்பாடம் செய்திருக்கிறார். பிறகு கையில் மணியோடு தெருத்தெருவாக நடை. பிள்ளைகளைக் கூட்டிச் சொல்லிக்கொடுப்பார். பிள்ளைகள் வீட்டுக்குப் போய்ப் பெற்றவர்களுக்குச் சொல்லிக்கொடுக்க வேண்டும். ஊரை விட்டுக் கிளம்பும்போது ஒரு பிரதியை அங்கேயே விட்டுவிட்டு, தினமும் சொல்லவைக்க ஒருவரை நியமித்துவிடுவார். அந்தப் பொறுப்பில் இருப்பவரைக் கணக்கப்பிள்ளை என்பார்கள். பிறப்பு, கல்யாணம் எழுதிவைப்பதும் அவர் வேலை. பிற்காலத்தில் உபதேசியார் என்று ஆனவரின் மூதாதை இவர்தான். இவர்களுடைய சம்பளத்துக்குப் போர்த்துக்கல் அரசி தம் காலணிச் செலவுக்கென்று ஒதுக்கப்பட்டிருந்த பணத்தை விட்டுக்கொடுத்தார்.

புனிதர்களின் பெயர் நிலைக்கிறது, கணக்கப்பிள்ளைகளின் பெயர் நிலைப்பதில்லை. ஆனால் வருடத்துக்கு ஒருமுறை சாமியார் தலைகாட்டிய ஊர்களில் போதனையைக் காப்பாற்றியவர்கள் அவர்கள்தான். சொல்லப்போனால் இந்த நாட்டில் கத்தோலிக்கப் போதனை முந்நூறு ஆண்டுக்கு மேல் சாமியார் அல்லாத குடும்பஸ்தர்களின் கையில் இருந்தது.

அதே கடிதத்தில் எனக்குச் சங்கடம் தருகிற பகுதியும் இருக்கிறது. புதுக்கிறிஸ்தவப் பிள்ளைகள் தங்கள் உறவினர் வீட்டுச் சாமி சிலைகளை உடைப்பதையும் அவமதிப்பதையும் அவர் மகிழ்ச்சியோடு எழுதுகிறார். அந்தக் காலம் அப்படி என்று சொல்லிக் கடந்துவிட எனக்கு மனம் இல்லை. அந்தப் பிள்ளைகளின் தாத்தா பாட்டிக்கு அன்றைக்கு எப்படி இருந்திருக்கும்? மற்ற மதங்களில் உண்மையாகவும் தூய்மையாகவும் இருக்கிற எதையும் திருச்சபை ஒதுக்குவதில்லை என்று இரண்டாம் வத்திக்கான் சங்கம் அறிக்கையிட 1965 அக்டோபர் 28 வரை ஆயிற்று. நானூறு ஆண்டுக்கு மேல். போதனை ஒரே நாளில் எழுதி முடித்ததில்லை, வளர்ந்துகொண்டே வருவது என்று நாங்கள் மறைக்கல்வி வகுப்பில் சொல்கிறோம். அந்த வளர்ச்சிக்கு விலை கொடுத்தவர்கள் யார் என்றும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

குன்றிலிருந்து இறங்கும்போது வலை பின்னிக்கொண்டிருந்த ஒரு பெரியவர், "எங்கேருந்து வாரிய?" என்று கேட்டார். சொன்னேன். "செப்டம்பர் பதினாலு திருவிழாவுக்கு வாங்க, இப்ப வந்து என்னத்த பாப்பிய?" என்றார். கூட்டம் இல்லாததால்தான் வந்தேன் என்று அவரிடம் சொல்லவில்லை.

புதன், வடக்கன்குளம்

இந்தப் பயணத்தில் எனக்கு மிக முக்கியமான ஊர் இதுதான். திருநெல்வேலி மாவட்டத்தின் தென்கோடி, மேற்கே மலை, சுற்றிலும் காற்றாலைகள்.

இங்கே திருக்குடும்பக் கோயிலில் இரண்டு வரலாறுகள் ஒன்றின் மேல் ஒன்றாகக் கிடக்கின்றன. முதலாவது 1745 மே 14. திருவிதாங்கூர் அரண்மனையில் அதிகாரியாக இருந்த நீலகண்டன் இந்த ஊருக்கு வந்து சேசு சபை என்ற துறவற சபையைச் சேர்ந்த புத்தாரிச் சாமியாரிடம் ஞானஸ்நானம் பெற்றுத் தேவசகாயம் ஆனார். இரண்டாவது 1872. அந்த ஆண்டு கட்டப்பட்ட கோயிலுக்கு ஒரே பீடம், அதிலிருந்து விரிந்து போகும் இரண்டு நீள மண்டபங்கள், நடுவில் சுவர். ஒரு பக்கம் வெள்ளாளர், இன்னொரு பக்கம் நாடார் முதலானவர்கள். சாமியார் இரண்டு பக்கத்துக்கும் தெரிவார். மக்கள் ஒருவரை ஒருவர் பார்க்க முடியாது. கால்சட்டைக் கோயில் என்று அதற்குப் பெயரே விழுந்துவிட்டது. உண்மையிலேயே இரண்டு கால் விரித்து நிற்கிற கால்சட்டை மாதிரிதான் இருக்கிறது.

மண்டபம் முழுவதும் நடந்து பார்த்தேன். சுவர் இப்போது இல்லை. ஆனால் கட்டடத்தின் வடிவமே நடந்ததைச் சொல்லிவிடுகிறது. பீடத்தின் முன் நின்று இரண்டு பக்கமும் திரும்பிப் பார்த்தேன். இதை வரைந்தவருக்கும் கட்டியவருக்கும் பவுலடியார் எழுதியது தெரியாதா? யூதரென்றும் கிரேக்கரென்றும், அடிமையென்றும் சுதந்திரரென்றும் இல்லை, கிறிஸ்துவில் அனைவரும் ஒன்று. ஞானஸ்நானத்தைப் பற்றிப் பேசுகிற இடத்தில்தான் அது வருகிறது. அதை வாசிக்கிற பீடத்திலிருந்துதான் சுவர் தொடங்கியது.

கட்டிய சாமியார்களை வில்லன்களாக எழுதுவது சுலபம். அவர்கள் முன்னால் இருந்த நிலை வேறு. ஒருவர் தொட்டால் தீட்டு என்று நினைக்கிற இரண்டு கூட்டம், இரண்டுமே விசுவாசிகள். ஒன்றாக உட்காரச் சொன்னால் ஒரு கூட்டம் வெளியேறி வேறு சபைக்குப் போய்விடும் என்ற பயம். அதனால் சமாதானத்துக்கு ஒரு சுவர். இப்படி நியாயம் சொல்லலாம். நான் அதை ஏற்கவில்லை. மேல்சாதிக்காரர் வெளியேறிவிடுவார் என்ற பயம் மட்டும் எப்போதும் கணக்கில் வருகிறது. அவமானப்பட்டவர் வெளியேறிவிடுவார் என்று யாரும் பயப்படுவதில்லை. அவர் எங்கே போய்விடப்போகிறார் என்ற தைரியம்தான்.

1872க்கு இரண்டு ஆண்டு முன்புதான் முதல் வத்திக்கான் சங்கம் நடந்தது. சுவர் நின்றுகொண்டிருந்தபோதே, 1891இல், திருத்தந்தை பதின்மூன்றாம் சிங்கராயர் தொழிலாளரின் மாண்பைப் பற்றிச் சுற்றுமடல் எழுதினார். நியாயமான கூலி, சங்கம் வைக்கும் உரிமை, ஏழையைக் கருவியாக நடத்தக் கூடாது என்கிற கட்டளை, எல்லாம் அதில் இருந்தன. கத்தோலிக்கச் சமூகப் போதனையின் புதுயுகம் அதிலிருந்து தொடங்குகிறது என்பார்கள். அந்த மடல் வந்த பிறகும் ஏறத்தாழ இருபது ஆண்டு இந்தச் சுவர் நின்றது.

1910இல் சுவரை இடிக்க வைத்தவர் பங்குச் சாமியார் கௌசானல். பாளையங்கோட்டையில் திருஇருதய சகோதரர் சபையைத் தொடங்கிய அதே பிரெஞ்சுக்காரர். வெள்ளாளர் தரப்பு நீதிமன்றத்துக்குப் போனது. எங்கள் உரிமையைப் பறித்துவிட்டார்கள், சுவரைத் திரும்பக் கட்ட வேண்டும், எங்கள் இடத்துக்குள் மற்றவர் வரக் கூடாது என்று வழக்கு. சென்னை உயர் நீதிமன்றம் வரை போய்த் தோற்றது.

கோயில் எதிரே வேப்பமர நிழலில் ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவரோடு பேசினேன். அவருடைய தாத்தா சிறுவயதில் சுவரைப் பார்த்தவராம். நான் கௌசானல் சாமியாரின் துணிச்சலைப் பற்றிப் பேசிக்கொண்டே போனேன். அவர் கையை உயர்த்தி நிறுத்தினார். "சாமியார் இடிச்சாருன்னு எல்லாரும் எழுதுதாங்க. அதுக்கு முன்னால எத்தனை வருசம் எங்காளுக மனு எழுதினாங்க, எத்தனை பேரு கோயிலுக்கே போகாம இருந்தாங்க, அத யாரு எழுதுனா? சாமிக்கு முன்னால எல்லாரும் ஒண்ணுன்னு நீங்கதான சொல்லிக்கொடுத்திய, அப்ப இந்தச் சுவரு எதுக்குன்னு கேட்டாங்கய்யா. அதுக்கு பதில் சொல்ல முடியல. அதான் இடிச்சாங்க."

இந்த ஊரில் நான் தேடி வந்தது இதுதான் என்று அப்போது புரிந்தது. கணக்கப்பிள்ளை தெருவில் மணியடித்துச் சொல்லிக்கொடுத்த பாடம் மனப்பாடமாக இருந்த மக்கள், அந்தப் பாடத்தையே எடுத்துச் சாமியார்களிடம் கேள்வியாக வைத்திருக்கிறார்கள். போதனையை நம்பாதவர்கள் சுவரை ஒரு வசதியாகப் பார்த்திருக்கலாம். நம்பியவர்களால்தான் அதைச் சகிக்க முடியவில்லை.

ஒன்று சேர்த்துச் சொல்ல வேண்டும். தமிழாய்வுக்காக உலகம் சுற்றிய தனிநாயகம் அடிகள் 1940களில் இந்த ஊர்ப் பள்ளியில்தான் ஆசிரியராக வேலை பார்த்தார். அவர் தமிழை முறையாகக் கற்றுக்கொள்ளத் தொடங்கியதும் அந்தக் காலத்தில்தான். புன்னைக்காயலில் அச்சான அந்தப் புனிதர் வரலாற்றின் பிரதியை வத்திக்கான் நூலகத்தில் கண்டு வெளிச்சத்துக்குக் கொண்டுவந்தவரும் அவரே.

வியாழன், காற்றாடிமலை, கோட்டாறு

வடக்கன்குளத்திலிருந்து ஆரல்வாய்மொழி பக்கம்தான். காற்று ஆளைத் தள்ளுகிறது. தேவசகாயத்தை 1752 ஜனவரி 14 அன்று சுட்டுக்கொன்ற இடம் இந்தப் பாறைக்குன்று. மணியடிச்சான் பாறை என்று ஒன்றைக் காட்டுகிறார்கள். கல்லால் தட்டினால் மணிபோல ஒலிக்கிறது. பிள்ளைகள் வரிசையாக நின்று தட்டிக்கொண்டிருந்தார்கள்.

அவர் கதை இந்தப் பக்கத்தில் எல்லோருக்கும் தெரியும். குளச்சல் போரில் மார்த்தாண்ட வர்மாவிடம் சிக்கி, பிறகு அவருடைய படைக்கே தளபதியான டச்சுப் படை அதிகாரி டிலனாய், வீட்டில் தொடர்ந்து நட்டத்தால் நொந்துபோயிருந்த நீலகண்டனுக்கு, எல்லாவற்றையும் இழந்தும் கடவுளை விடாத யோபுவின் பைபிள் கதையைச் சொன்னார். அதிலிருந்து தொடங்கியது. ஞானஸ்நானத்துக்குப் பின் அவர் சாதி பாராமல் எல்லோரோடும் புழங்கினார், சேர்ந்து உண்டார். 1749இல் கைது. கரும்புள்ளி செம்புள்ளி குத்தி, எருமை மேல் பின்னோக்கி உட்காரவைத்து ஊர் ஊராக இழுத்துப்போனார்கள். மூன்று ஆண்டு சித்திரவதை.

அந்த எருமைச் சவாரியைப் பற்றி யோசித்துக்கொண்டே மேலே ஏறினேன். மரியாதைக்குரிய ஒருவரின் மரியாதையைப் பறிப்பதற்கென்றே திட்டமிட்ட தண்டனை அது. மரியாதை என்று அவர்கள் நினைத்ததை அவர் ஏற்கெனவே தானாகவே கீழே வைத்துவிட்டிருந்தார்.

2012 டிசம்பர் 2 அன்று நாகர்கோவிலில், புனிதர் பட்டத்துக்கு முந்தைய படியான முத்திப்பேறு பட்டம். 2022 மே 15 அன்று ரோமையில் புனிதர் பட்டம். சாமியாரோ துறவியோ அல்லாத இந்தியப் பொதுநிலையினரில் முதல் புனிதர். பட்டம் கொடுக்கும்போது அவர் பெயரிலிருந்த 'பிள்ளை'யை வத்திக்கான் எடுத்துவிட்டது. சாதியைச் சுட்டும் பெயர் வேண்டாம் என்று இங்கிருந்து போன வேண்டுகோள்தான் காரணம். சிலர் வருந்தினார்கள், வரலாற்றை மாற்றுகிறீர்கள் என்றார்கள். என் மனதில் சந்தேகமே இல்லை. ஞானஸ்நானத் தொட்டியில் அவர் வைத்துவிட்டு வந்ததை நாம் ஏன் எடுத்து அவர் தலையில் மறுபடி வைக்க வேண்டும்?

கோட்டாறு சவேரியார் பேராலயத்தில் பீடத்துக்கு முன்னால் அவர் கல்லறை. ஓர் அம்மா தம் பேத்தியின் கையைப் பிடித்துக் கல்லறை மேல் வைத்து ஏதோ சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தார். டிசம்பர் 3 சவேரியார் திருநாளுக்கு இந்த மாவட்டத்துக்கே விடுமுறை.

வெள்ளி, மதுரை

வடக்கன்குளத்துச் சுவருக்கு வேர் எங்கே என்று பார்க்கத்தான் மதுரைக்கு வந்தேன். கீழவெளி வீதி மரியன்னை பேராலயத்தில் காலைத் திருப்பலி பார்த்துவிட்டு, ஊருக்குள் நடந்தேன். 1606 நவம்பரில் இத்தாலியச் சேசு சபைச் சாமியார் ராபர்ட் தெ நொபிலி இந்த ஊருக்கு வந்தபோது முத்துக்கிருஷ்ணப்ப நாயக்கர் ஆட்சி. இங்கே ஏற்கெனவே பெர்னாண்டஸ் என்ற சேசு சபைச் சாமியார் வணிகத்துக்கு வந்த பரதவர்களுக்காக ஒரு சிறு கோயிலோடு இருந்தார். உள்ளூர்க்காரர் ஒருவரும் அவரிடம் வரவில்லை. பரங்கியர் மதம், மாட்டிறைச்சி, சாராயம், கீழ்ச்சாதி என்ற பெயர்.

நொபிலி காவி கட்டினார், புலால் விட்டார், தமிழும் வடமொழியும் படித்தார், தத்துவ போதகர் என்று அறியப்பட்டார். பூணூலும் குடுமியும் சந்தனமும் சமூக வழக்கங்கள், மதச் சின்னங்கள் அல்ல, ஆகவே கிறிஸ்தவராகிறவர் அவற்றை விட வேண்டியதில்லை என்று வாதாடினார். கிறிஸ்தவராக ஐரோப்பியராக வேண்டியதில்லை. இன்றைக்கு நமக்கு இது சாதாரணம். அன்றைக்கு அவரைச் சொந்தச் சபையினரே மேலிடத்தில் குற்றம் சாட்டினார்கள். கோவாவில் விசாரணை, ரோமைக்குக் கடிதங்கள். கடைசியில் 1623 ஜனவரி 31 அன்று திருத்தந்தை பதினைந்தாம் கிரகோரியார் நொபிலி பக்கம் தீர்ப்புச் சொன்னார். அதற்கு முந்தைய ஆண்டு சவேரியாருக்குப் புனிதர் பட்டம் கொடுத்தவரும் அவர்தான்.

இந்தத் தீர்ப்பைப் பாராட்டி எழுதுகிறவர்கள் அதன் கடைசிப் பகுதியைப் பெரும்பாலும் விட்டுவிடுகிறார்கள். குலப்பெருமை உள்ளவர்கள் எளியவர்களை இகழக் கூடாது, குறிப்பாகக் கோயிலுக்குள் இகழக் கூடாது என்று திருத்தந்தை அதில் கெஞ்சிக் கேட்டுக்கொள்கிறார். அனுமதி அப்படியே எடுத்துக்கொள்ளப்பட்டது. கெஞ்சல் காற்றில் போயிற்று. நொபிலியின் கோயில் வேறு, பரதவர் கோயில் வேறு. 1640 முதல் தாழ்த்தப்பட்டவர்களுக்கெனத் தனியாகப் பண்டாரசாமிகள் வந்தார்கள். ஒரே சபை, ஒரே பூசை, இரண்டு வகைச் சாமியார்.

நொபிலியை எனக்குப் பிடிக்கும். நம் மொழியை இவ்வளவு மதித்துக் கற்ற ஐரோப்பியர் அக்காலத்தில் குறைவு. ஆனால் நம் சமூகத்தைப் புரிந்துகொள்ள அவர் உட்கார்ந்தது மேல்திண்ணையில். அங்கிருந்து தெரிந்ததைத்தான் தமிழ்ப் பண்பாடு என்று எடுத்துக்கொண்டார். சேரியிலிருந்து பார்த்திருந்தால் பூணூல் வெறும் சமூக வழக்கமாகத் தெரிந்திருக்குமா?

அப்புறம் நடந்தது நூறாண்டுச் சண்டை. புதுச்சேரியில் வந்து இறங்கியிருந்த திருத்தந்தையின் தூதர் துர்னோன் 1704இல் பல சடங்குகளைத் தடைசெய்தார். அந்த ஆணையில் ஒரு விதி, சாமியார்கள் நோயுற்ற பறையர்களின் வீட்டுக்குள் போய், எண்ணெய் பூசிச் செபிக்கும் அவஸ்தைப்பூசுதல் கொடுக்க வேண்டும் என்பது. சாகக்கிடக்கிறவரின் வீட்டுக்குள் சாமியார் போக ரோமையிலிருந்து ஆணை வர வேண்டியிருந்தது என்றால், அதுவரை என்ன நடந்தது? நோயாளியைக் கட்டிலோடு தூக்கிக்கொண்டு வந்து வெளியே வைத்தார்கள். 1744இல் திருத்தந்தை பதினான்காம் ஆசீர்வாதப்பர் கடைசித் தீர்ப்பாக, அந்த மக்களுக்கென்றே தனிச் சாமியார்களை வைக்கும் ஏற்பாட்டுக்கு ஒப்புதல் தந்தார். மறுபடியும் தனித்தனி. அதற்கு அடுத்த ஆண்டுதான் வடக்கன்குளத்தில் தேவசகாயம் ஞானஸ்நானம் பெற்றார் என்பதை நினைத்துக்கொண்டேன். இந்தச் சடங்குச் சட்டங்களுக்குக் கட்டுப்படுவதாகச் சாமியார்கள் எடுக்க வேண்டியிருந்த உறுதிமொழி 1940 வரை நீடித்தது.

இரண்டாம் வத்திக்கான் சங்கம் 1965இல், சமூக நிலையை வைத்து நடக்கும் எல்லா வேறுபாடும் இறைத்திட்டத்துக்கு எதிரானது என்று எழுதிவிட்டது. இரண்டாம் ஜான் பால் 2003 நவம்பரில் தமிழக ஆயர்களிடம் சாதியின் பெயரைச் சொல்லியே கண்டித்தார். இந்திய ஆயர் பேரவை 2016இல் தலித் கிறிஸ்தவர்களுக்கான கொள்கை அறிக்கையில் திருச்சபைக்குள் தீண்டாமை இருப்பதை ஒப்புக்கொண்டது. எழுத்தில் இனி சேர்க்க ஒன்றும் இல்லை. ஆனாலும் ஒரே கோயிலைச் சேர்ந்த மக்களுக்குள்ளேயே தனிக் கல்லறை உள்ள பங்குகள் இருக்கின்றன. தேர் எந்தத் தெரு வரை வரும் என்ற தகராறு இருக்கிறது. வெளியே அரசாங்கமோ, 1950ஆம் ஆண்டுக் குடியரசுத் தலைவர் ஆணையைக் காட்டி, நீ கிறிஸ்தவன், உனக்குப் பட்டியல் சாதி உரிமை இல்லை என்கிறது. சீக்கியருக்கு 1956இலும் பௌத்தருக்கு 1990இலும் திறந்த கதவு இவர்களுக்குத் திறக்கவில்லை. கோயிலுக்குள் போனால் சாதி உண்டு, தாலுகா ஆபீசுக்குப் போனால் சாதி இல்லை. இதைவிடக் கொடுமையான இடத்தில் ஒரு மக்களை நிறுத்த முடியாது. அந்த ஆணை வந்த ஆகஸ்டு 10ஐ ஆண்டுதோறும் அவர்கள் கறுப்பு நாளாகக் கடைப்பிடிக்கிறார்கள். மற்ற பங்குகளிலும் அன்று எல்லோரும் தெருவுக்கு வர வேண்டும் என்பது என் கருத்து.

சனி, ஓரியூர்

சிவகங்கை, காளையார்கோயில், திருவாடானை வழியாக ஓரியூர். பேருந்தில் பாதிப்பேர் கோயிலுக்குத்தான். வறண்ட பூமி, நடுவே செக்கச்செவேலென்று மண். ஜான் தெ பிரிட்டோ, நம் அருளானந்தர், 1693 பிப்ரவரி 4 அன்று இங்கே தலை வெட்டப்பட்டார். அவர் இரத்தம் பட்டுத்தான் மண் சிவந்தது என்பது மக்கள் நம்பிக்கை. காகிதத்தில் பொட்டலம் கட்டி எடுத்துப்போகிறார்கள். எல்லா மதத்துக்காரர்களும் வருகிறார்கள். மறவர் சமூகத்தவர் அவரைத் தங்கள் வீட்டுப் பெரியவராகவே வைத்திருக்கிறார்கள்.

லிஸ்பன் அரசவையில் வளர்ந்த பிள்ளை அவர். பண்டாரசாமியாகக் காவி கட்டி மறவ நாட்டுக்குள் நடந்தார். ஒருமுறை பிடித்து வதைத்து விரட்டினார்கள். ஐரோப்பா போய் அங்கேயே இருந்திருக்கலாம், திரும்பி வந்தார். அவர் உயிரை வாங்கியது திருமணத்தைப் பற்றிய போதனை. கிறிஸ்தவருக்கு ஒரு மனைவிதான் என்பதை 1563இல் திரெந்து சங்கம் சட்டமாகவே எழுதியிருந்தது. ஞானஸ்நானம் கேட்ட மறவர் தலைவர் தடியத்தேவரிடம் அருளானந்தர் அதைத்தான் நிபந்தனையாக வைத்தார். தேவர் ஒரு மனைவியை வைத்துக்கொண்டு மற்றவர்களை அனுப்பிவிட்டார். அனுப்பப்பட்டவர்களில் இளையவரான கடலாயி, மறவ நாட்டு அரசர் கிழவன் சேதுபதியின் உறவுப்பெண். அவர் அரண்மனைக்குப் போய் முறையிட்டார். அதற்குப் பிறகு நடந்ததுதான் இந்தச் செம்மண்.

கோயிலில் கதையைப் படங்களாக வைத்திருக்கிறார்கள். சகோதரனின் மனைவி ஏரோதியாளைச் சேர்த்துக்கொண்ட ஏரோது அரசனைக் கண்டித்துத் தலையை இழந்த ஸ்நாபக அருளப்பரோடு இந்த மரணத்தை ஒப்பிட்டுப் பிரசங்கம் செய்வது வழக்கம். அந்த ஒப்பீட்டில் கடலாயிக்கு ஏரோதியாளின் இடம் கிடைத்துவிடுகிறது. எனக்கு அது உறுத்துகிறது. ஏரோதியாள் தானாக வேறொருவனிடம் போனவள். கடலாயி ஊரறியத் தாலி கட்டி வந்து, ஒருநாள் கணவன் மதம் மாறியதால் தெருவுக்கு வந்த பெண். ஒரு கணவனுக்கு ஒரு மனைவி என்ற போதனை பெண்ணின் மதிப்பை உயர்த்தியது, சந்தேகமில்லை. அந்தப் போதனை வந்து சேர்ந்த நாளில் இருந்த மூன்றாவது, நான்காவது மனைவிகளுக்கு என்ன ஏற்பாடு என்று சட்டம் எழுதியவர்கள் யோசித்திருக்க வேண்டும்.

என்னோடு பேருந்தில் வந்த சிஸ்டர் ஒருவரிடம் இதைச் சொன்னேன். சுற்றுவட்டாரக் கிராமங்களில் கைவிடப்பட்ட பெண்களுக்காக வேலை செய்கிறவர். "நானும் சிஸ்டராகப் பயிற்சிக்குப் புதுசா வர்ற நவகன்னியர்கிட்ட இந்தக் கேள்வியைக் கேட்பேன் தம்பி. புனிதரை வணங்குங்க, கடலாயிக்காகவும் ஒரு செபம் சொல்லுங்கன்னு சொல்லுவேன். முதல்ல முழிப்பாங்க. அப்புறம் ஒவ்வொருத்தியும் தன் ஊர்ல ஒரு கடலாயியைச் சொல்லுவா" என்றார்.

அருளானந்தருக்கு 1947 ஜூனில் புனிதர் பட்டம் கிடைத்தது. பிப்ரவரி 4 திருநாளுக்கு வர நினைக்கிறவர்கள் மதுரையிலிருந்து வருவதைவிடத் தேவகோட்டையில் தங்கிக்கொண்டு காலையில் கிளம்புவது நல்லது. ஏலாக்குறிச்சியும் அங்கே பணியாற்றிய வீரமாமுனிவரும் விட்டுப்போயிற்றே என்று கேட்டிருந்தவர்களுக்கு: காவிரிக்கரை தனிக் கதை, அதற்குத் தனியாகத்தான் போக வேண்டும். நாளை ஞாயிறு. இங்கேயே காலைத் திருப்பலி முடித்து, சிஸ்டர் சொன்ன இரண்டு கிராமங்களையும் பார்த்துவிட்டு ஊருக்குப் பேருந்து ஏறுகிறேன்.